ராசியான கார்

கிளட்ச்சின் மேல் காலை வைத்தபடியே ஓட்டுகிறாள் என்று முதலில் சொன்னது யார் என்பதில் ராஜராஜேஸ்வரிக்குச் சந்தேகமே இல்லை. கொழுந்தன் மகேஷ்தான். காலையில் மகேஷ் சொன்னதை மத்தியானம் மெக்கானிக் நேசையா சொன்னார். சாயங்காலம் மாமனார் சிவசண்முகம் வாசலில் நின்று, தெருவுக்கே கேட்கும்படி சொன்னார். மறுநாள் பால் வாங்கப் போன இடத்தில் எதிர்வீட்டு அம்மாள், "தேவைக்குத்தான் கால வைக்கணுமாம்லா, மத்த நேரம் எடுத்திரணுமாம்" என்று அவளுக்கே பாடம் நடத்தினாள். அந்த அம்மாள் ஜென்மத்தில் சைக்கிள்கூட மிதித்தது கிடையாது.

ராஜராஜேஸ்வரி கால்நடை மருத்துவர். சேரன்மகாதேவிக்குப் பக்கத்தில் அரசு மருந்தகத்தில் வேலை. திருநெல்வேலி டவுனிலிருந்து பேட்டை, பத்தமடை வழியாகத் தினமும் போய் வருகிறாள். மாடு கன்று போட முடியாமல் தவிக்கிறது என்று போன் வந்தால் வயல் வரப்பு வரைக்கும் காரை விடுவாள். தோள்வரை கையை உள்ளே விட்டு, கண்ணால் பார்க்காமலே கன்றின் கால் எது, தலை எது என்று தடவிக் கண்டுபிடித்து இழுத்துப் போடுகிறவள். அவளுக்குத் தன் சொந்தக் காலை எங்கே வைப்பது என்று தெரியாதாம்.

வண்டி அவள் பெயரில் இருந்தது, அவள் சம்பளத்தில் வாங்கியது. ஆனால் சாவி மட்டும் மாமனார் அறையில், பிள்ளையார் படத்துக்குக் கீழே இருக்கும் ஆணியில் தொங்கும். அந்த வீட்டில் எந்தச் சாவியானாலும் அங்கேதான் தொங்க வேண்டும். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவள் இதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. எடுத்துக்கொண்டிருக்க வேண்டும் என்று இப்போது தோன்றியது.

வண்டிக்கு வந்த கோளாறு இதுதான். முதல் கியரில் எடுத்தால் குளிர்க்காய்ச்சல் கண்டது மாதிரி உதறும். மேட்டில் எஞ்சின் மட்டும் கத்தும், வண்டி நகராது. நின்ற பிறகு தீய்ந்த வாடை அடிக்கும். மார்கழியில் நேசையா கிளட்ச் பிளேட்டை மாற்றிக் கொடுத்தார். கொஞ்ச காலம் நன்றாக ஓடியது. தை, மாசி கழிந்து பங்குனி வருவதற்குள் பழைய உதறல் திரும்பிவிட்டது. ஆடி பிறந்ததும் நேசையா மறுபடியும் பிளேட்டுதான் என்றார். "பிளேட்டு தேயாம என்ன செய்யும் அண்ணாச்சி, ஓட்டுத கால் அப்படி" என்று சிவசண்முகத்திடம் சொல்லிச் சிரித்தார். ராஜராஜேஸ்வரி பக்கத்தில்தான் நின்றிருந்தாள்.

மார்கழியில் ஏன் மாற்றினார்கள் என்றால், அந்த மாதம் கல்யாணம் கிடையாது, காரை யாரும் கேட்டு வர மாட்டார்கள். ஆடியையும் மார்கழியையும் விட்டால் யாராவது கேட்டு வராத மாதமே அபூர்வம். வாங்கிய வருஷமே சிவசண்முகத்தின் தங்கை மகனுக்கு அந்தக் காரில்தான் மாப்பிள்ளை அழைப்பு நடந்தது. அடுத்த வருஷத்துக்குள் அவனுக்கு இரட்டைப் பிள்ளைகள். அவ்வளவுதான், ராசியான கார் என்று பெயர் வந்துவிட்டது. சொந்தத்தில், தெருவில், சொந்தத்துக்குச் சொந்தத்தில் யார் வீட்டில் கல்யாணம் என்றாலும், "உங்க வீட்டுக் கார விடுங்க அண்ணாச்சி" என்று வந்து நிற்பார்கள். சிவசண்முகம் பத்திரப்பதிவு அலுவலகத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வுக்குப் பிறகு யாரும் தன்னைத் தேடி வருவதில்லை என்ற குறை அவருக்கு இருந்தது. அதைக் கார் தீர்த்து வைத்தது. ஒருவருக்கும் இல்லை என்று சொல்ல மாட்டார். கார் யாருடையது என்று கேட்டவர்களும் இல்லை.

ஓட்டுவது மகேஷ். மாப்பிள்ளை அழைப்பில் காரை ஓட்டுவது லேசுப்பட்ட காரியமில்லை என்று அவனே சொல்லிக்கொள்வான். முன்னால் நாதஸ்வரம் போகும். அதற்குப் பின்னால் தட்டு ஏந்திய பெண்கள். அவர்களுக்குப் பின்னால் பூவும் ஜிகினாவும் சுற்றிய கார், நடக்கிறவர்களைவிட மெதுவாக வர வேண்டும். முக்குக்கு முக்கு நாதஸ்வரக்காரர் நின்று வாசிப்பார், காரும் நிற்க வேண்டும். பிரேக் போட்டு நிறுத்தி, மறுபடி எடுத்தால் குலுங்கும், மாப்பிள்ளையின் தலைப்பாகை சாயும். மகேஷ் பிரேக்கே போட மாட்டான். கிளட்ச்சைப் பாதி மிதித்த நிலையிலேயே, எஞ்சினை உறுமவிட்டு, வண்டியை அப்படியே அந்தரத்தில் பிடித்து நிறுத்துவான். மேடாக இருந்தாலும் ஒரு சாண் பின்னால் வராது. "என்னமா பிடிக்கான் பாரு" என்று பெரியவர்கள் மெச்சுவார்கள். தையில் அம்பாசமுத்திரத்தில் நடந்த ஒரு அழைப்பில், ஆற்றங்கரைப் பிள்ளையார் கோயிலில் இருந்து மண்டபம் வரைக்கும் முழுக்க மேடு. அத்தனை மேட்டையும் மகேஷ் இப்படியே ஏற்றிக்கொண்டு வந்தான். தலைப்பாகை அசையவில்லை என்று ஊரெல்லாம் பேச்சு. அன்றைக்குக் காரின் அடியில் இருந்து புகை வந்ததை ராஜராஜேஸ்வரி பார்த்தாள், கேட்டாள். "சாம்பிராணிப் புகை மதினி" என்றான் அவன்.

ஆனியிலேயே மகேஷுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. பெண் விஜயஸ்ரீக்கு வீரவநல்லூர். ஆவணியில் முகூர்த்தம். ராசியான கார் இல்லாமல் அந்த வீட்டுப் பிள்ளைக்கே அழைப்பு நடக்குமா? சிவசண்முகம் ஆணியில் இருந்த சாவியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

"புது பிளேட்டு போட்டு வந்ததும் வண்டி மகேஷ் கையில இருக்கட்டும்மா. நீ பஸ்ல போயிட்டு வா" என்றார்.

"கல்யாணம் வரைக்குமா மாமா?"

"அதுக்கப்புறமும் பாத்துத்தான் குடுக்கணும். ஓட்டத் தெரியாம ஓட்டி வண்டிய வீணாக்குதது நல்லாவா இருக்கு?"

கணவன் கார்த்திகேசனுக்குக் கூடங்குளத்தில் வேலை. ஞாயிற்றுக்கிழமைதான் வருவான். போனில் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அப்பாகிட்ட நான் பைய சொல்லுதேன்" என்றான். அவன் வாழ்க்கையில் எல்லாமே பையத்தான். அவள் போனை வைத்துவிட்டாள்.

கார் பட்டறைக்குப் போனது. பஸ்ஸில் போக அவளுக்கு என்ன கௌரவக் குறைச்சல்? கோடிப் பேர் போகிறார்கள். ஆனால் பிரசவ வலியில் கிடக்கும் மாட்டுக்கு பஸ் நேரம் தெரியாது. பத்தமடையில் ஹமீது பீவி என்று ஒரு அம்மாள். பாய் நெய்கிறவர், கூடவே ஒரு பசு வைத்திருந்தார். தலைச்சன் கன்று, தலை மடங்கி உள்ளே மாட்டிக்கொண்டது. போன் வந்தபோது ராஜராஜேஸ்வரி மருந்தகத்தில் இருந்தாள். பஸ் வரவில்லை. மினி பஸ் வந்தது, படியில் தொங்கக்கூட இடமில்லை. கடைசியில் ஒரு லோடு ஆட்டோவைக் கைகாட்டி ஏறிப் போய்ச் சேர்ந்தாள். பசு பிழைத்தது, கன்று செத்துத்தான் வந்தது. நல்ல செவலைக் கன்று. ஹமீது பீவி அவளைத் திட்டவில்லை. கை கழுவத் தண்ணீர் ஊற்றிக்கொண்டே, "காரு என்னாச்சும்மா, எப்பவும் கார்லதான வருவிய" என்று மட்டும் கேட்டார். அவள் ஏற்கெனவே கழுவிய கையை மறுபடியும் தேய்த்துக் கழுவினாள். தண்ணீர் முழங்கையில் இருந்து சொட்டிக்கொண்டிருந்தது.

திரும்பி வரும்போது டவுன் வரைக்கும் போகவில்லை. பேட்டையில் இறங்கி, சேலையில் ரத்தக் கறையோடு நேராக நேசையாவின் பட்டறைக்குள் நுழைந்தாள். கார் முன்பக்கம் தூக்கி நிறுத்தப்பட்டிருந்தது. கியர்பாக்ஸை இறக்கிக் கீழே வைத்திருந்தார்கள். சிவசண்முகம் நாற்காலி போட்டு உட்கார்ந்து வேலையை மேற்பார்வை பார்த்துக்கொண்டிருந்தார். மகேஷ் பக்கத்தில் நின்று போனை நோண்டிக்கொண்டிருந்தான்.

"டாக்டரம்மா எதுக்கு இங்கன வாரிய, கரி படும்" என்றார் நேசையா.

"கரி படட்டும் அண்ணாச்சி. கழத்தின பிளேட்ட எடுங்க."

நேசையா சிவசண்முகத்தைப் பார்த்தார். சிவசண்முகம் அவள் சேலையைப் பார்த்தார். நேசையா பிளேட்டை எடுத்து நீட்டினார். அவள் அதை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தாள். ஒரு பக்கம் தேய்மானம் சீராக இருந்தது. மறுபக்கம் கருகிக் கண்ணாடி மாதிரி மின்னியது.

"கிளட்ச்ல கால வச்சிட்டே ஓட்டுனா முதல்ல எது போவும்?"

"கிளட்ச்ச அமுக்குத பேரிங்கு போவும். போனா, சுத்தும்போதே கத்தும்."

"அது எங்க?"

நேசையா பேரிங்கை எடுத்து விரலில் மாட்டிச் சுற்றிவிட்டார். சத்தமே இல்லாமல் சுற்றியது. அவரே அதை இன்னொரு தடவை சுற்றிவிட்டார்.

"கத்தலையே" என்றாள் அவள். "சரி, பிளேட்டுல இந்தக் கருகின பக்கம் எது மேல உரசும்?"

"ஃப்ளைவீல் மேல."

"அதப் பாத்தியளா?"

"அது கனத்த இரும்பும்மா. எஞ்சின் இருக்க வரைக்கும் கிடக்கும். அதுக்கு என்ன வரப் போவுது?"

"போன தடவயும் பாக்கலியா?"

நேசையா கழுத்துத் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"மாட்டுக்குக் கழிச்சல்னு கூப்பிட்டா நான் போயி சாணிய மட்டும் அள்ளிப் போட்டுட்டு வந்திரலாமா அண்ணாச்சி? எதத் தின்னுச்சுன்னு கேக்க வேண்டாமா, வயித்தத் தொட்டுப் பாக்க வேண்டாமா? ரெண்டு தடவ பிளேட்ட மாத்துவிய, அது எது மேல தேயுதுன்னு ஒரு தடவ பாக்க மாட்டிய. ஆனா யாரு காலால தேயுதுன்னு மட்டும் பாக்காமலே தெரியும்."

"ஏம்மா, பட்டறைல வந்து என்ன பேச்சு" என்றார் சிவசண்முகம்.

"வாசல்ல நின்னு பேசுனது நீங்கதான மாமா. நான் பட்டறைலதான பேசுதேன்."

நேசையா துணியைப் பெட்ரோலில் நனைத்துக்கொண்டு காருக்கடியில் குனிந்தார். கைவிளக்கைப் பிடித்து ஃப்ளைவீலின் முகத்தைத் துடைத்தார். எஞ்சினோடு சேர்ந்து சுற்றும் கனத்த வட்டு அது. அதன் முகத்தில்தான் பிளேட்டு அழுந்தி உட்கார்ந்து வண்டியை இழுக்க வேண்டும். அழுக்குப் போகப் போக அதன் நிறம் தெரிந்தது. வட்டம் முழுக்கத் திட்டுத் திட்டாகக் கருநீலம், அடிபட்டுக் கன்றிய உடம்பு மாதிரி. திட்டுகளின் நடுவே பாதவெடிப்பு போல மெல்லிய கீறல்கள். ராஜராஜேஸ்வரி குனிந்து நகத்தை வைத்து ஓரத்தில் இருந்து உள்ளே இழுத்தாள். நகம் ஒரு வரப்பில் தட்டி நின்றது. நேசையா இரும்பு ஸ்கேலைக் குறுக்கே வைத்துப் பின்னால் விளக்கைக் காட்டினார். நடுவில் வெளிச்சம் ஒழுகியது. வட்டு தட்டையாக இல்லை, தேய்ந்து குழிந்து போயிருந்தது.

"போச்சு. இது மேல எந்தப் பிளேட்டு போட்டாலும் உதறத்தான் செய்யும்" என்றார் நேசையா.

"என் காலால வந்ததா இது?"

நேசையா அவளைப் பார்க்கவில்லை. எழுந்து மகேஷைப் பார்த்தார். "ஏலே, மேட்டுல அரைக் கிளட்ச்லயே பிடிச்சு நிறுத்துனியாலே? இந்த நீலம் சூட்டுல வாரது. ஓடுத வண்டிக்கு இவ்வளவு சூடு ஏறாது. நிக்க வச்சு உரசவிட்டாத்தான் ஏறும்."

"நான் எங்க ஓட்டுதேன் அண்ணாச்சி. வருசத்துல ஏதோ நாலு நாள்" என்றான் மகேஷ்.

நேசையா கியர்பாக்ஸின் வாய்ப்பக்கத்தைத் திருப்பி, உள்ளே சேர்ந்திருந்த கரித்தூளைத் துணியால் வழித்துத் தரையில் கொட்டினார். கரியோடு சேர்ந்து எதுவோ மின்னியது. வெள்ளியும் ரோஸுமாக ஜிகினாத் துண்டுகள். சில கருகிச் சுருண்டிருந்தன, சில அப்படியே பளபளவென்று இருந்தன. தையில் அம்பாசமுத்திரத்தில் மாப்பிள்ளை வந்த இந்தக் கார் மேல் குழாய் வைத்து வெடித்துத் தூவிய அதே ஜிகினா.

"மார்கழில இத நான் சுத்தமாத் துடைச்சில்லா மாட்டினேன்" என்று நேசையா முணுமுணுத்தார். பிறகு, "அடியில மூடுத தகரம் எங்க, அது இருந்தா இதெல்லாம் உள்ள போவாதே" என்றார்.

"மார்கழில அத மாட்டாம விட்டது யாரு அண்ணாச்சி?"

நேசையா பட்டறைக் கூரையைப் பார்த்தார்.

"பத்தமடைக்கு மாடு பாக்கப் போறவ நான்" என்றாள் ராஜராஜேஸ்வரி மகேஷிடம். "எந்த மாடுவே என் மேல ஜிகினா தூவுச்சு? சொல்லும்." பெண்கள் கொழுந்தனை 'வே' போட்டுப் பேசுவதில்லை. அன்றைக்கு அவளுக்கு அப்படித்தான் வந்தது. மகேஷ் தரையில் கிடந்த ஜிகினாவைச் செருப்பால் தேய்த்துக்கொண்டிருந்தான்.

சிவசண்முகம் எழுந்தார். "சரி, சவத்த விடு. நடந்தது நடந்து போச்சு. நேசையா, புதுசா வாங்கிப் போட்டிரும்."

இவ்வளவு நேரம் இல்லாத அளவுக்குக் கோபம் அப்போதுதான் அவளுக்கு வந்தது. குற்றம் அவள் மேல் இருந்தபோது அதற்குத் தெரு வேண்டியிருந்தது, எதிர்வீடு வேண்டியிருந்தது, போகிற வருகிறவன் எல்லாம் வேண்டியிருந்தது. தன் மகன் மேல் என்றதும் அது சவமாகிவிட்டது, விட்டுவிட வேண்டுமாம்.

"நான் விட மாட்டேன் மாமா. இன்னைக்கு ஒரு கன்னுக்குட்டி செத்துப் போச்சு. இவரு எரிச்ச வண்டி இங்க கிடக்க, நான் பஸ்ஸுக்கு நின்னதுல செத்துச்சு. என் சேலையில இருக்கது அதோட ரத்தம். சாவியக் குடுங்க."

சிவசண்முகம் அந்தக் கறையை மறுபடியும் பார்த்தார். மடியில் இருந்து சாவியை எடுத்தார். நீட்டியவர், கையைப் பாதியிலேயே நிறுத்திக்கொண்டார்.

"அழைப்புக்கு வண்டி வேணுமேம்மா. இந்தக் கார்லதான் மாப்பிள்ள வருவாருன்னு சம்பந்தி வீட்டுல சொல்லியாச்சு. ராசிக் காரு."

"வரட்டும். ஆனா எஞ்சின் ஓடாது. நடக்கிறவங்க வேகத்துக்கு ஓட்டுனா மறுபடியும் எரியும்."

"எஞ்சின் ஓடாம எப்படிம்மா வரும்?"

"நெல்லையப்பர் தேருக்கு எந்தக் கிளட்ச் இருக்கு மாமா? ஊரு கூடி இழுக்கலையா? முன்னால கயித்தக் கட்டி இழுங்க. நான் ஸ்டீயரிங் பிடிக்கேன். அப்படின்னா வண்டி வரும், இல்லன்னா உங்க பிள்ள நடந்து வரட்டும்."

நெல்லையப்பரைச் சொன்ன பிறகு சிவசண்முகத்தால் மறுக்க முடியவில்லை. ராசிக் காரைக் கைவிடவும் அவருக்கு மனசில்லை. சாவி அவள் கைக்கு வந்தது. மன்னிப்பு மாதிரி ஒரு சொல்லும் கூட வரவில்லை.

புது ஃப்ளைவீல் வந்த அன்றைக்கும் அவள் பட்டறையில் நின்றாள். நேசையா இந்தத் தடவை அவளிடம் கரி படும் என்று சொல்லவில்லை. வட்டின் முகத்தில் விரல் படாமல் தூக்கி மாட்டி, போல்ட்டுகளை எதிரும் புதிருமாக முறுக்கி, பெட்ரோல் துணியால் துடைத்து, பிளேட்டை நடுவில் நிறுத்தி ஏற்றினார். கடைசியில் அடித் தகரத்தை எடுத்து அவளிடம் காட்டிவிட்டுத்தான் மாட்டினார். வண்டி பட்டறையை விட்டு நடுக்கமில்லாமல் வெளியே வந்தது. சாவி அதன் பிறகு ஆணிக்குப் போகவில்லை, அவள் கைப்பையில் இருந்தது. ஆனால் தெருவில் பேச்சு மட்டும் மாறவில்லை. புது சாமான் போட்டிருக்கிறார்களாம், இனிமேலாவது அவள் பார்த்து ஓட்டுவாளாம்.

ஆவணியில் வீரவநல்லூரில் மாப்பிள்ளை அழைப்பு. காரின் முன்கொக்கியில் கட்டிய வடக்கயிற்றை மகேஷின் சேக்காளிகள் பிடித்திருந்தார்கள். இழுக்க ஆரம்பித்த பிறகு அது அவர்களுக்கே பிடித்துப் போய்விட்டது, தேர் இழுக்கிறவர்களைப் போலச் சத்தம் போட்டுக்கொண்டு இழுத்தார்கள். சிவசண்முகமும் ஒரு சம்பிரதாயத்துக்குக் கயிற்றில் ஒரு கை வைத்திருந்தார். எஞ்சின் அணைந்திருந்ததால் ஸ்டீயரிங் கனத்தது. ராஜராஜேஸ்வரி பட்டுச்சேலையில் வியர்த்துக்கொண்டு அதைத் திருப்பினாள். பின்சீட்டில் மாலையும் தலைப்பாகையுமாக மகேஷ். நாதஸ்வரம் தெளிவாகக் கேட்டது. தீய்ந்த வாடை இல்லை, மல்லிகை வாசம்தான் இருந்தது.

மண்டபத்துக்குக் கொஞ்சம் முன்னால் பெண்ணின் அப்பா எதிர்கொண்டு வந்தார். கூடவே பெண் வீட்டார் முழுக்க நின்றார்கள். அவர் கயிற்றைப் பார்த்தார், ஸ்டீயரிங்கில் இருந்தவளைப் பார்த்தார், பின் சன்னல் பக்கம் குனிந்து மாப்பிள்ளையிடம் சிரித்தார்.

"என்ன மாப்ள, மதினி ஓட்டி வண்டி படுத்துட்டோ? பொம்பளையாளுக கையில குடுத்தா கயிறு கட்டித்தான் இழுக்கணும்."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். மகேஷும் சிரித்தான்.

ராஜராஜேஸ்வரி பிரேக்கை மிதித்தாள். கார் நின்றது. இழுத்தவர்கள் தடுமாறி, கயிறு விறைத்து நின்றது. "இழுங்கலே" என்றது ஒரு குரல். இழுத்தார்கள், நகரவில்லை. முன்னால் போன நாதஸ்வரம் பாதியில் நின்று, வாசிக்கிறவர் திரும்பிப் பார்த்தார். சிவசண்முகமும் திரும்பினார். அவர் கண் மருமகளின் முகத்துக்குப் போய், அங்கிருந்து மகனிடம் போனது. இந்தத் தடவை அவர் சவத்தை விடு என்று சொல்லவில்லை.

அவள் பின்னால் காட்டும் கண்ணாடியில் மகேஷைப் பார்த்தபடி இருந்தாள். பிரேக்கில் இருந்து காலை எடுக்கவில்லை.

மகேஷ் மாலையைச் சரிசெய்தான். தொண்டையைச் செருமினான். "இல்ல மாமா" என்றான். யாருக்கும் கேட்கவில்லை. அவள் காலை எடுக்கவில்லை.

"இல்ல மாமா" என்றான் மறுபடியும், எல்லோருக்கும் கேட்கும்படி. "மதினி கெடுக்கல. நான்தான் கெடுத்தேன். இதே மாதிரி அழைப்புல அரைக் கிளட்ச்ல ஓட்டி நான்தான் எரிச்சேன். பழிய அவுக மேல போட்டேன்."

பெண் வீட்டார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சிவசண்முகம் தலையைக் குனிந்துகொண்டு கயிற்றை இரண்டு கையாலும் பிடித்தார்.

ராஜராஜேஸ்வரி காலை எடுத்தாள். கார் நகர்ந்தது.